மாறுவள்ளமும் சாய்ந்த குருசும்

கரமடியில் கப்பல் விழுந்த நேரத்தில் ஏழுதெங்குத்துறையில் ஒருவர்கூடக் கடலைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. கடலைப் பார்க்காமல் பல்கூடத் தேய்க்காத ஊர்தான் அது. ஆனாலும் கரமடி இழுக்கும்போது மட்டும் வலையின் இரண்டு கயிறுகளையும் தோளில் போட்டுக்கொண்டு, கடலுக்கு முதுகைக் காட்டியபடி கரைமேட்டைப் பார்த்து நடப்பது அவர்கள் வழக்கம். அன்றைக்கும் நாற்பத்திரண்டு பேர் அப்படித்தான் முதுகைக் காட்டி, புனிதர்களின் பெயரை ஒவ்வொன்றாகச் சொல்லி, பெயருக்கு ஓரடி என்று இழுத்து, யாகப்பரில் தொடங்கிச் சூசையப்பரைத் தாண்டி, தெரிந்த புனிதர்கள் எல்லாம் தீர்ந்துபோய் மறுபடியும் யாகப்பருக்கே வந்தபோது மடி கரையைத் தொட்டது. திரும்பிப் பார்த்தால் நெத்தோலிக்கு நடுவில் ஒரு கப்பல் கிடந்தது.

முதலில் திரும்பியவருக்கு அது பள்ளிக்கூடம் அளவுக்குச் சாம்பல் நிறத்தில் தெரிந்தது. இரண்டாவது ஆள் பார்ப்பதற்குள் பாதியாகச் சுருங்கியிருந்தது. நாற்பத்திரண்டாவது ஆள் முகத்து வியர்வையைத் துடைத்துவிட்டுப் பார்த்தபோது, கரையில் வரிசையாகக் கிடக்கும் வள்ளங்களோடு அதுவும் ஒரு வள்ளமாகக் கிடந்தது. யாரும் அலறவில்லை, ஓடவில்லை. கரமடியில் எது விழுந்தாலும் கயிற்றில் கைவைத்த அத்தனை பேருக்கும் பொது என்பது ஊர் வழக்கம்; முன்பு ஒருமுறை மெத்தையோடு கட்டிலும், இன்னொருமுறை உயிருள்ள எருமையும் விழுந்தபோதுகூட அப்படித்தான் முடிவு செய்தார்கள். ஆகவே முதலில் நெத்தோலியைப் பிரித்தார்கள், பிறகு கப்பல் நாற்பத்திரண்டு வீட்டுக்கும் பொது என்று கோயில் முற்றத்தில் சொல்லிவிட்டுக் கஞ்சி குடிக்கப் போனார்கள்.

மறுநாள் எஞ்சின் மெக்கானிக் ராபின் அதன் அடிப்பலகையைக் கழற்றிப் பார்த்தான். உள்ளே சோற்றுப்பானை பருமனில், புகையும் சத்தமும் இல்லாத ஒரு எந்திரம் வெதுவெதுப்பாக இருந்தது. அதன் தலையில் ஒரு கைப்பிடி. "பேயுமில்ல பிசாசுமில்ல, எங்கயோ ஒருத்தன் உக்காந்து செஞ்ச சாதனமாக்கும். நட்டெல்லாம் இடப்பக்கமாத் திரும்புது, அவ்வளவுதான்," என்று சொல்லிக் கையைத் துடைத்துக்கொண்டான். பள்ளிக்கூடத்து அறிவியல் வாத்தியார் அந்தக் கைப்பிடியை அரைச்சுற்று திருப்பி, கண்ணெதிரே காணாமல்போய், பத்து நிமிடத்தில் தலைமுடியெல்லாம் கலைந்து திரும்பி வந்து விளக்கம் சொன்னார்: உலகம் மடித்துவைத்த சேலை மாதிரி, ஒரு மடிப்பை ஒட்டி இன்னொரு மடிப்பு; மற்ற வண்டியெல்லாம் துணிமேல் ஊர்ந்து போகும், இது ஊசியைப்போல ஒரு மடிப்பிலிருந்து அடுத்த மடிப்புக்குத் துளைத்துப் போகும். அன்றிலிருந்து மற்ற உலகங்களுக்கு ஊரில் மடிப்பு என்றும், கப்பலுக்கு மாறுவள்ளம் என்றும் பெயர் நிலைத்துவிட்டது.

அதன் குணம் ஒன்றுதான். எந்தக் கரையில் ஒதுங்குகிறதோ அந்தக் கரையில் எதை யாரும் திரும்பிப் பார்க்கமாட்டார்களோ, அதுவாக மாறிக்கொள்ளும். வள்ளங்களுக்கு நடுவே வள்ளம். ஞாயிற்றுக்கிழமை பூசை நேரத்தில் கோயில் வாசலில் சைக்கிள் நிறுத்தும் கம்பி. கப்பலை அளந்து எழுதிப் போக அரசாங்க அலுவலர் ஒருவர் வந்தபோது அது ஒரு பழைய மேஜையாக மாறி அவர் பக்கத்தில் போய் நின்றது. அவர் அதன்மேல் காகிதங்களைப் பரப்பி, அப்படி எந்தக் கலமும் கரையில் காணப்படவில்லை என்று எழுதி, கையெழுத்தும் போட்டுவிட்டுப் போனார். அடையாளத்துக்குச் சிவப்புத் துணி கட்டினால் அடுத்த நிமிடமே உதறிவிடும். கடைசியில் பெண்கள்தான் வழி கண்டுபிடித்தார்கள்: கரையில் கிடப்பதில் எதில் மீன்வாடை அடிக்கவில்லையோ அதுதான் மாறுவள்ளம். அது வெளியே போய்த் திரும்பி வந்து சேர்வதை மட்டும் ஒருவரும் கண்ணால் பார்த்ததில்லை, பார்க்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றியதும் இல்லை.

முதல் ஒரு மாதம் ஆண்கள் அதைக் கொண்டுபோய் நாலைந்து மடிப்பைச் சுற்றிவிட்டு வந்தார்கள். ஒரு மடிப்பில் கடல் தித்தித்ததாம், அதனால் மீன் இல்லையாம். இன்னொன்றில் மீன் எக்கச்சக்கமாம், ஆனால் அவை பேசுமாம், பேசுவதைப் பிடித்து எப்படித் தின்பது என்று திரும்பிவிட்டார்களாம். அப்புறம் அலுத்துப்போய் விட்டுவிட்டார்கள். ஆனி ஆடி மழையில் நெத்தோலியைக் காயப்போட இடமில்லாமல் வீட்டுக்குள்ளேயே பரப்பி, பாயும் தலையணையும் புழுத்துப்போய்ச் சபித்துக்கொண்டிருந்த பெண்கள், சும்மா கிடந்த மாறுவள்ளத்தை ஒருநாள் தள்ளிக்கொண்டு போனார்கள்; மூன்றாவது முயற்சியில் மழையே பெய்யாத ஒரு மடிப்பைக் கண்டுபிடித்தார்கள். வெயிற்கரை என்று அதற்குப் பெயர் வைத்தார்கள். அங்கே மீன் காய எவ்வளவு நேரம் வேண்டுமோ அவ்வளவு நேரமும் உச்சி வெயில் நிற்கும். மாறுவள்ளம் அங்கே போனதும் ஓலைக்கொட்டகையாகி அவர்களுக்கு நிழல் கொடுக்கும். திரும்பி வந்தால் இங்கே அதே நாள் சாயங்காலம் நாலு மணி. வாரத்துக்கு இரண்டு நாள், தடவைக்குப் பாதி வீடு, வீட்டுக்கு ஒருத்தியாக இருபத்தொரு பேர் கூடையோடு போய்வருவது, சந்தைக்குப் போய்வருவது போல ஆகிவிட்டது.

போவது லேசு. வருவதற்குத்தான் ஆள் வேண்டும். ஏழுதெங்குத்துறை மீனவர்கள் ஆழ்கடலில் இடம் கண்டுபிடிப்பது கணியம் பார்த்து: கரையில் கிட்டத்தில் உள்ள ஒன்றையும் தூரத்தில் உள்ள ஒன்றையும் ஒரே கோட்டில் கொண்டுவந்தால் இன்ன இடம் என்று கணக்கு. மாறுவள்ளத்துக்கும் அதே கணியம்தான் உதவியது. எல்லா மடிப்பிலும் ஒரு கூனன்மலை உண்டு, அதன் முன்னால் ஒரு யாகப்பர் கோயிலும் உண்டு. ஒன்றில் கோபுரம் குட்டை, ஒன்றில் கோபுரத்துக்குப் பதில் தண்ணீர்த்தொட்டி, ஒன்றில் உச்சியிலுள்ள சிலுவை, ஊர்ப்பேச்சில் குருசு, நேராக நிற்கும். நம் ஊர்க் குருசு மட்டும் தெற்கே சாய்ந்திருக்கும். அந்தச் சாய்ந்த கையின் நுனி மலையுச்சியைத் தொடுகிற மாதிரி தெரிந்தால் அதுதான் வீடு. வள்ளத்தின் மூக்குப் பக்கமான முன்னணியத்தில் உட்கார்ந்து அதைப் பார்த்துச் சொல்லும் வேலை ததேயுவின் பெண்டாட்டி வியாகுலத்துக்கு. ஊரிலேயே கூர்மையான கண் அவளுக்கு. வாயும் அப்படித்தான் என்று அவளுக்கு எட்டாத தூரத்தில் சொல்லிக்கொள்வார்கள்.

ததேயுவுக்கும் அவளுக்கும் கல்யாணம் நடந்த வருஷம் இடி விழுந்து சாய்ந்த குருசு அது. இருபத்தாறு வருஷமாக அவள் கோயில் பக்கம் போகும்போதெல்லாம் அண்ணாந்து பார்த்து ஒரே கேள்வியைக் கேட்டாள்: "இந்தக் குருசை நிமிர்த்த இந்த ஊருல ஒரு ஆம்பள இல்லியா?" ஊரைக் கேட்பது போல இருந்தாலும் அது தன்னைத்தான் என்று ததேயுவுக்குத் தெரியும், ஏனென்றால் பாய்மரம் ஏறிப் பழகியவர் அவர் ஒருவர்தான். "நாளைக்குப் பாக்கேன்," என்பார். அதே வருஷம் கயிறு அறுந்து இடது தோளில் அடிபட்டதிலிருந்து, தரையில் சம்மணம் போட்டுச் சாப்பிட உட்கார்ந்தால் அவருக்கு உடம்பு ஒரு பக்கமாகச் சாயும். அதற்கும் அவளிடம் ஒரு பேச்சு இருந்தது. "கோயில்ல அது சாயுது, வீட்டுல நீரு சாயுதீரு, ரெண்டும் ஒரே சாய்வாக்கும். நடுவுல நான் ஒருத்திதான் நேரா நிக்கேன்." ததேயு சிரித்துக்கொண்டே இன்னும் கொஞ்சம் குழம்பு ஊற்றச் சொல்வார்.

அந்த வருஷம் யாகப்பர் திருவிழாவுக்குக் கொடியேற்றப் பத்து நாள் இருக்கையில்தான் அந்தத் தப்பு நடந்தது, அதுவும் பிரியத்தினால் நடந்தது. பெண்கள் வெயிற்கரைக்குப் போன ஒரு திங்கட்கிழமை காலையில், அவர்கள் திரும்புவதற்குள் கோபுரத்துக்கு வெள்ளையடித்துக் குருசையும் நிமிர்த்தி வைத்தால் எப்படி இருக்கும் என்று ததேயுதான் சொன்னார். பங்குச்சாமியார் கில்பர்ட்டுக்குச் சந்தோஷம். ராபின் செயின் பிளாக் கொண்டுவந்தான். ததேயு கோபுரத்தில் ஏறி, இரும்பைப் பழுக்கக் காய்ச்சி, அங்குலம் அங்குலமாக இழுத்து, மதியம் இரண்டு மணிக்குக் குருசை ஈட்டிபோல நேராக நிறுத்தி, வெள்ளிச் சாயமும் பூசிவிட்டு இறங்கினார். இருபத்தாறு வருஷத்துக் கேள்விக்குப் பதில் சொல்லிவிட்ட சந்தோஷத்தில் அவருக்குத் தரையில் கால் பாவவில்லை. அவள் அண்ணாந்து பார்க்கும்போது அவள் முகத்தைத் தான் பார்க்க வேண்டும் என்பது ஒன்றுதான் அவருக்கு ஆசை. கணியம் என்ற ஒன்று அந்த ஆண்களில் ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லை.

நாலு மணிக்கு அடைமழை. ஆண்கள் எல்லாரும் வலைக்கூடத்துக்குள் ஒண்டியிருந்தபோது, பெண்கள் கருவாட்டுக் கூடைகளைத் தார்ப்பாயால் மூடிக்கொண்டு மணலில் ஏறி வந்தார்கள். ததேயு நனைந்துகொண்டே ஓடிப்போய்க் கோயில் திருப்பத்தில் நின்றார். வியாகுலம் வந்தாள், அவரைப் பார்த்துச் சிரித்தாள், கோயிலைக் கடந்தாள், வீட்டுக்குப் போனாள். அண்ணாந்தே பார்க்கவில்லை. சரி, மழை, நாளைக்குப் பார்ப்பாள் என்று மனதைத் தேற்றிக்கொண்டு அவள் பின்னாலேயே போனார். அவள் வாசற்படி ஏறி வலது பக்கம் திரும்பிச் சுவரில் போய் முட்டிக்கொண்டாள். அடுக்களை அந்த வீட்டில் இடது பக்கம்.

நெற்றியைத் தேய்த்துக்கொண்டே அவள் வீட்டை ஒருமுறை சுற்றிப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள். "நீங்க எனக்க வீட்டு ஆளு இல்ல, இல்லியா?" என்று கேட்டாள். வியாகுலம் ஒருநாளும் அவரை நீங்க என்று சொன்னதில்லை, நீரு என்றுதான் சொல்வாள். அந்த ஒரு சொல்லிலேயே ததேயுவுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. குருசை நிமிர்த்திய கைகளை அவர் குனிந்து பார்த்தார்.

"உங்க ஊருல குருசு நேரா நிக்குமா?" என்று கேட்டார்.

"அது சாஞ்சதே கெடையாதே," என்றாள் அவள். "இது எங்க ஊருன்னு நெனச்சுத்தான் கணியம் பிடிச்சேன். மலையும் சரியா இருந்தது, குருசும் சரியா இருந்தது."

அதே நேரத்தில் இருபத்தொரு வீட்டிலும் ஏறக்குறைய இதே பேச்சுதான் நடந்தது. இரண்டு ஊருக்கும் ஒரே அடையாளம் இருந்தால் முதலில் கண்ணில் படும் ஊருக்குத்தானே வந்து சேர்வார்கள், அதில் அவர்கள் தப்பு ஒன்றும் இல்லை. வந்தவர்கள் வெயிற்கரையில் நம் பெண்களுக்குப் பக்கத்திலேயே மீன் காயவைப்பவர்கள்தான். இன்னும் எத்தனையோ ஏழுதெங்குத்துறைகளிலிருந்து அங்கே ஆட்கள் வருவார்களாம். "உங்க பெண்டாட்டியை எனக்கு நல்லாத் தெரியும்," என்றாள் வந்திருந்த வியாகுலம். "எனக்க எடத்துல ரெண்டு முழம் தள்ளிப் பாய் விரிப்பா. போன தடவைகூடச் சண்டை. இன்னைக்கு எங்களுக்கு முந்தியே அவங்க புறப்பட்டாச்சு." அப்படியானால் நம் பெண்கள் மடிப்புகளுக்கு நடுவே உள்ள கடலில், சாய்ந்த குருசைத் தேடி அலைந்துகொண்டிருக்கிறார்கள். வழிக்கு அவர்கள் எடுத்துப்போனது இரண்டு குடம் தண்ணீர். நடுக்கடலில் நேரம் எந்த வேகத்தில் ஓடும் என்று அறிவியல் வாத்தியாருக்கும் தெரியவில்லை.

ஊர் கூடியது. இங்கே குருசு நேராக நிற்கும்வரை எப்போது புறப்பட்டாலும் இங்கேயேதான் வந்து சேர்வார்கள் என்பதால் வந்த பெண்கள் பங்கு மண்டபத்தில் தங்குவது, அந்தந்த வீட்டு ஆண்கள் சமைத்துக் கொண்டுபோய்க் கொடுப்பது என்று கில்பர்ட் சாமியார் முடிவு செய்தார். முதல்நாள் சமையலை வாயில் வைத்துவிட்டு அந்தப் பெண்களே அடுப்பைக் கேட்டு வாங்கிக்கொண்டார்கள். மழை விட்ட நேரங்களில் வலை பொத்தினார்கள், திருவிழாவுக்குத் தோரணம் வெட்டினார்கள், சில வீட்டு மாமியார்களோடு விட்ட இடத்திலிருந்து சண்டையும் போட்டார்கள். குழந்தைகளுக்கு மண்டபத்தின் பக்கம் போகக் கூடாது என்று சொல்லிவைத்திருந்தும், வெயிற்கரைக்குப் போயிருந்த மெற்றில்டாவின் மூன்று பிள்ளைகள் போய், வந்திருந்த மெற்றில்டாவின் மடியில் விழுந்தன. அவள் மூன்று பேருக்கும் தலைவாரிவிட்டாள், வாரும்போது அழுதாள்.

மெற்றில்டாவின் புருஷன் எத்துவர் மூன்றாவது நாள் கூட்டத்தில் எழுந்து நின்றார். வந்திருக்கும் மெற்றில்டா அவர் சொல்லும் வேடிக்கைக்கெல்லாம் சிரித்திருந்தாள், அதில் மனிதருக்குக் கொஞ்சம் தலைகிறங்கிவிட்டது. "வந்தது வந்தாச்சு. பேரு ஒண்ணு, முகம் ஒண்ணு, குரலு ஒண்ணு. எண்ணிக்கையும் சரியா இருக்கு. இப்படியே இருந்தா என்ன?" என்றார்.

மண்டப வாசலில் நின்ற மெற்றில்டா சத்தம் போடாமல் பதில் சொன்னாள். "எனக்க வீட்டுலயும் மூணு பிள்ளையள் இருக்குவு. உங்க பிள்ளையள் மாதிரியேதான் இருக்கும். மாதிரி இருந்தாப் போதுமா அண்ணே?"

அண்ணே என்றதும் எத்துவர் உட்கார்ந்துவிட்டார். அதற்குப் பிறகு அந்தப் பேச்சை யாரும் எடுக்கவில்லை.

செய்ய வேண்டியது என்ன என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை: குருசைப் பழையபடி சாய்க்க வேண்டும். தெற்கே என்பது எல்லாருக்கும் தெரியும். எவ்வளவு என்பதுதான் தெரியவில்லை. இருபத்தாறு வருஷம் அதைப் பார்த்துக் கணியம் பிடித்தவர்கள், ஆளுக்கொரு பாரில், கடலடிப் பாறைமேட்டில் மீன் பிடித்தவர்கள், ஆளுக்கொரு சாய்வைச் சொன்னார்கள். ஒவ்வொருவர் சொன்னதும் அவரவர் நின்ற இடத்துக்குச் சரிதான். கல்யாணப் படங்களைத் தேடினால், அந்தக் குருசு படத்தைக் கெடுக்கிறது என்று படம் எடுப்பவர் ஒவ்வொருமுறையும் அதை வெட்டிவிட்டே எடுத்திருந்தார். நாற்பத்திரண்டு வீட்டு ஆல்பத்திலும் மாப்பிள்ளை பெண்ணுக்குப் பின்னால் கோபுரம் கழுத்தோடு நின்றது.

இருந்தாலும் ததேயு ஏறி, கையளவுக்கு ஒருமுறை சாய்த்துப் பார்த்தார். மறுநாள் காலையில் கூடைகளோடு ஆண்கள் கூட்டம் ஒன்று மணலில் ஏறி வந்தது; அவர்கள் மடிப்பில் கருவாடு போடுவது ஆண்கள் வேலையாம். டீ குடித்துவிட்டு, தப்பாக வந்ததற்கு வருத்தம் சொல்லிவிட்டு, போய்விட்டார்கள். இன்னும் இரண்டு விரல் கூட்டிச் சாய்த்தார். அன்றைக்குச் சாயங்காலம் ஆளில்லாத ஒரு மாறுவள்ளம் ஒதுங்கியது, உள்ளே மூன்று ஆடுகள் மட்டும் இருந்தன. அவற்றையும் தண்ணீர் காட்டித் திருப்பி அனுப்பினார்கள். ஐந்தாவது நாள் ததேயு கோபுரத்தைவிட்டு இறங்கிக் கோயில் படியிலேயே உட்கார்ந்துவிட்டார். இரண்டு குடம் தண்ணீர் என்ற நினைப்பு ஒன்றுதான் அவர் தலைக்குள் சுற்றிக்கொண்டிருந்தது. தான் யோசனை சொல்லிச் செய்த காரியம், தன் கையால் செய்த காரியம், அவள் கேட்டாள் என்றே செய்த காரியம். அவருக்குச் சோறு இறங்கவில்லை.

ஆறாவது நாள் மத்தியானம் வந்திருந்த வியாகுலம் ஒரு தட்டில் சோறும் மீன்குழம்பும் போட்டு வீட்டு வாசலுக்கே கொண்டுவந்தாள். "நீங்க விழுந்து கெடந்தா யாரு ஏறுவா? தின்னுங்க," என்றாள். மறுக்கத் தெம்பில்லாமல் ததேயு தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, தட்டை முன்னால் இழுத்து, முதல் உருண்டையைப் பிசைந்தார். அவள் அப்படியே நின்று அவரைப் பார்த்தாள்.

"என்ன இப்படிச் சாயுதீங்க?" என்று கேட்டாள். "எனக்க ஆளு நேரால்லா இருப்பாரு."

"தோளுல அடி. பழைய அடி."

"அவ சொல்லியிருக்கா," என்றாள் வியாகுலம் மெதுவாக. "வெயிற்கரையில ஒருநாளு, நீ எப்படி அவ்வளவு டக்குனு உனக்க ஊரைக் கண்டுபிடிக்கேன்னு கேட்டேன். குருசைப் பாத்தாலே சோறு தின்ன உக்காந்த எனக்க மாப்பிள்ளைதான் தெரியும், அதே சாய்வாக்கும், ஒரு நூலு கூடாது, ஒரு நூலு குறையாதுன்னு சொன்னா."

ததேயுவின் கை தட்டிலேயே நின்றுவிட்டது. இருபத்தாறு வருஷம் தினமும் மூன்று வேளை காதில் விழுந்த பேச்சு. கேலி என்று நினைத்துக் குழம்பு ஊற்றச் சொன்ன பேச்சு. ஊரிலேயே கூர்மையான கண் உள்ளவள் அளந்து சொன்ன அளவு அது என்று அவருக்கு ஒருநாளும் தோன்றவில்லை. தான் சாய்வதைத் தான் எங்கே பார்த்தார். அவருக்கு முகம் கோணி அழுகை வந்தது.

"நிறுத்தாதீங்க," என்று அதட்டினாள் அவள். "அழுதா நிமிந்துருவீங்க. தின்னுங்க."

அவர் தின்றார். அவள் தூண்டில் நூலில் ஈயத்தைக் கட்டி அவர் காதோரம் தொங்கவிட்டாள்; ராபினைக் கூப்பிட்டாள்; ராபின் அளவுகோலைக் கொண்டுவந்து நூலுக்கும் தோளுக்கும் உள்ள இடைவெளியைக் குறித்தான், மறுபடியும் குறித்தான், சந்தேகத்துக்கு மூன்றாவது முறையும் குறித்தான். கேள்விப்பட்டு ஊரே வந்து சுற்றி நின்றது. முன்னாலிருந்தும் பின்னாலிருந்தும் பார்த்து முடிக்கும்வரை சாப்பிட்டுக்கொண்டே இருக்கச் சொன்னதால், பானைச் சோறு முழுவதையும் ததேயு கண்ணீரோடு தின்று தீர்த்தார். பக்கத்து வீட்டிலிருந்தும் கொஞ்சம் வாங்கிவந்து போட்டார்கள். பிறகு அந்த வயிற்றோடு கோபுரத்தில் ஏறி, ராபின் கீழேயிருந்து அளவு சொல்ல, மூன்று மணிக்குள் குருசை நிறுத்தினார். கீழே நின்ற ஒருவருக்கும் அது சரியா என்று சொல்லத் தெரியவில்லை. வந்திருந்த வியாகுலம் மட்டும் அண்ணாந்து பார்த்துவிட்டு, "சோறு தின்னுத மாதிரிதான் இருக்கு," என்றாள்.

குருசு ஒரு நிலையில் நிற்கட்டும் என்று காத்திருந்த பெண்கள், இனி இந்த ஊர் தங்களைக் குழப்பாது என்பதால் உடனே புறப்பட்டார்கள். தங்கள் மாறுவள்ளத்தை மோந்து பார்த்துக் கண்டுபிடித்து, தண்ணீர் நிரப்பி, தோரணத்தில் பாதி மிச்சம் இருக்கிறது என்று சொல்லிவிட்டு ஏறினார்கள். மெற்றில்டா மூன்று பிள்ளைகளையும் பார்க்காமலே ஏறினாள். வியாகுலம் கைப்பிடியில் கைவைத்துக்கொண்டு ததேயுவைப் பார்த்து, "அவகிட்டச் சொல்லுங்க, அடுத்த தடவை அந்த ரெண்டு முழம் எடத்தை அவளே வெச்சுக்கிடட்டும்," என்றாள். கைப்பிடி அரைச்சுற்று திரும்பியது. அந்த இடத்தில் அலை வந்து மூடியது.

அரைமணி நேரத்தில் தொடுவானத்தில் ஒன்று தெரிந்தது. மழை வெறித்திருந்தது. ஊர் மொத்தமும், கைக்குழந்தைகள்வரை, கரையில் வரிசையாக நின்று பார்த்துக்கொண்டிருந்தது. வந்துகொண்டிருந்தது வள்ளம்தான், பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது பேருந்தாயிற்று, பேருந்து கட்டிலாயிற்று, கட்டில் சாமியார் பாவம் கேட்க உட்காரும் பாவசங்கீர்த்தனப் பெட்டியாயிற்று, வைக்கோல்போராயிற்று, சவப்பெட்டியாயிற்று, மறுபடியும் வள்ளமாயிற்று. முதல் அலையைத் தாண்டும், திகைத்து நிற்கும், பின்வாங்கும். உள்ளே பெண்களின் தலைகள் தெரிந்தன, பிடிக்க ஒரு விளிம்பு கிடைக்காமல் அவர்கள் ஒருவரையொருவர் பற்றிக்கொண்டிருந்தார்கள். ஒருமுறை அது தண்ணீரின் நிறத்துக்கே மாறப்பார்த்தது. இருபத்தொரு பேரும் கழுத்தளவுக்கு முங்கி எழுந்தார்கள். கரையிலிருந்து சத்தம் கிளம்பியது. சிலர் நீந்தப் பாய்ந்தார்கள், அலை திருப்பி எறிந்தது.

ததேயு பார்த்துக்கொண்டே இருந்தார். யாரும் திரும்பிப் பார்க்காத ஒன்றாக மாறுவதுதான் அதன் குணம். ஊரே கண்கொட்டாமல் பார்த்துக்கொண்டு நின்றால் அது பாவம் என்னவாக மாறும்? கரமடியில் அது முதல்முதலாக வந்த நாள் அவருக்கு ஞாபகம் வந்தது. யாகப்பரே சூசையப்பரே என்று நாற்பத்திரண்டு முதுகுகள்.

"எல்லாரும் திரும்புங்க," என்றார். "கடலைப் பாக்காதீங்க. திரும்புங்க."

கடலில் ஆள் இருக்கும்போது அதற்கு முதுகைக் காட்டுவது அந்த ஊரில் செத்தவர்களுக்குச் செய்வது. ஒருவரும் அசையவில்லை. கில்பர்ட் சாமியாரே தயங்கினார். ததேயு முதலில் திரும்பினார். திரும்புவதற்கு முன்னால் முன்னணியத்தில் அவள் தலையைப் பார்த்தார், அதுதான் கடைசித் தடவையாக இருந்துவிடுமோ என்று தோன்றியது, இருந்தும் திரும்பினார். பிறகு ராபின் திரும்பினான். எத்துவர் தன் மூன்று பிள்ளைகளின் தோளையும் பிடித்துத் திருப்பிவிட்டுத் தானும் திரும்பினார். ஒவ்வொருவராகக் கரை முழுவதும் கடலுக்கு முதுகைக் காட்டி, கோயிலைப் பார்த்து, சாய்ந்த குருசைப் பார்த்து நின்றது. ததேயு மெல்ல, "யாகப்பரே," என்றார். ஊர் ஒரே குரலில் அடுத்த புனிதரைச் சொன்னது. அப்படியே ஒவ்வொரு பெயராகச் சொல்லிக்கொண்டு போனார்கள். யாரும் தலையைத் திருப்பவில்லை. திருப்பப்போன ஒரு குழந்தையின் கண்ணை அதன் தகப்பன் பொத்திக்கொண்டான்.

எந்தப் புனிதரில் அது நடந்தது என்பதில் இன்றைக்கும் ஊரில் இரண்டு கட்சி உண்டு. மணலில் அடிப்பலகை உரசும் சத்தம் கேட்டது. பிறகு காலடிகள். காய்ந்த நெத்தோலி வாசனை வந்தது. அப்போதும் ஒருவரும் திரும்பவில்லை, திரும்பிப் பார்த்து அது வேறு யாராகவோ இருந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயம் எல்லாருக்கும் இருந்தது, ததேயுவுக்கு எல்லாரையும்விட அதிகம் இருந்தது. காலடி அவருக்குப் பின்னால் வந்து நின்றது. மூச்சு வாங்கியது. தண்ணீர் இல்லாமல் வறண்ட தொண்டையிலிருந்து குரல் வந்தது.

"இந்தக் குருசை நிமிர்த்த இந்த ஊருல ஒரு ஆம்பள இல்லியா?"

கில்பர்ட் சாமியார் தரையைப் பார்த்தார். ராபின் கையிலிருந்த அளவுகோலைச் சட்டைக்குள் விட்டுக்கொண்டான். அன்றைக்கும் சரி, பிற்பாடும் சரி, குருசை நிமிர்த்தியதையும் சாய்த்ததையும் பற்றி அந்த ஊரில் ஒருவரும் அவளிடம் வாயைத் திறக்கவில்லை.

"நீரு என்ன கல்லு மாதிரி நிக்கீரு? உம்மத்தான் கேக்கேன்," என்றாள் வியாகுலம்.

"நாளைக்குப் பாக்கேன்," என்று சொல்லிவிட்டு ததேயு திரும்பி, அவள் தலையிலிருந்த கூடையை இறக்கி வாங்கிக்கொண்டார்.